பூப்பூ தட்டு: ஹவாயும் சீனாவும் சேர்ந்த சின்னப் பண்டங்களை வீட்டில் செய்வது எப்படி?

ஹவாய்த் தீவுகளில் சாப்பாட்டுக்கு முன்னால் கொறிக்க வைக்கும் சின்னப் பண்டங்களுக்குப் பொதுப்பெயர் பூப்பூ. நம் பூவுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. ஹவாய் மொழியில் சிப்பி, நத்தை வகைகளுக்கு அந்தப் பெயர் உண்டு. 'ஆவா' என்கிற கசப்பு வேர்ப்பானத்தோடு தொட்டுக்கொள்ள வைத்த மீன், கோழி, வாழைப்பழத் துண்டுகளையும் அப்படித்தான் சொன்னார்கள். இன்றைக்கு ஹொனலுலுவில் ஒரு வீட்டு விருந்துக்குப் போனால் பூப்பூ தட்டில் பாதி சீனப் பண்டமாக இருக்கும். யாரும் அதை வெளியூர்ச் சாப்பாடு என்று நினைப்பதில்லை.

காரணம் கரும்பு. 1852-ல் ஒப்பந்தக் கூலிகளாகச் சீனர்கள் ஹவாயின் கரும்புத் தோட்டங்களுக்கு வந்து இறங்கினார்கள். பின்னால் வந்தவர்களில் பெரும்பாலோர் குவாங்டாங் மாகாணத்தில் இன்று சோங்ஷான் எனப்படும் வட்டாரத்தைச் சேர்ந்தவர்கள், கான்டனீஸ் பேசுபவர்கள். (சீனக் குடியரசின் முதல் தலைவரான சுன் யாட்-சென்னும் அதே வட்டாரம்தான். 1879-ல் அண்ணனிடம் வந்து ஹொனலுலுவில் பள்ளிக்கூடம் படித்தவர்.) ஒப்பந்தம் முடிந்ததும் பலர் நெல் பயிரிட்டார்கள், கடை வைத்தார்கள், ஹவாய்ப் பெண்களை மணந்தார்கள். சமையலும் அப்படித்தான் கலந்தது.

கலந்தது என்றாலும் எல்லாம் குழம்பிப்போகவில்லை. மாவு பிசைவது, மடிப்பது, ஆவியில் வேகவைப்பது, பொரிப்பது ஆகிய கைவேலைகள் கான்டனீஸ் முறைப்படியே இருக்கின்றன. தீவு மாற்றியது அளவையும் இனிப்பையும் தொட்டுக்கொள்வதையும்தான். கீழே உள்ள சீனப் பண்டங்களில் பெரும்பாலும் இதைப் பார்க்கலாம்.

எதிலும் அன்னாசியைப் போட்டால் அது ஹவாய்ச் சமையல் ஆகிவிடாது. அன்னாசியின் பூர்வீகம் தென் அமெரிக்கா. ஹவாயில் அது பெருந்தொழிலானது, 1901-ல் ஜேம்ஸ் டோல் தன் நிறுவனத்தைத் தொடங்கிய பிறகுதான். 'ஹவாயன் பீட்சா' பிறந்ததோ 1962-ல், கனடாவில்! அன்னாசிக்கு இந்தத் தட்டிலும் இடம் உண்டு, ஆனால் ஓரமாக. சமையல் தெரியாமல் அதைச் சேர்த்தால் கறியையே கெடுத்துவிடும். அந்தக் கதை பின்னால் வருகிறது.

கடைக்குப் போகும் முன்

சோயா சாஸில் 'லைட்' என்று போட்டதை வாங்குங்கள். 'டார்க்' வகை கெட்டியாக, வெல்லப்பாகு வாசனையோடு இருக்கும். அதை ஊற்றினால் எல்லாம் கறுத்து, தொட்டுக்கொள்ளும் சாஸ் மருந்துபோல் ஆகிவிடும். இது தவிர ஹாய்சின் சாஸ் (சோயாவில் செய்த கெட்டியான இனிப்புச் சாஸ்), ஆய்ஸ்டர் சாஸ், சோள மாவு (வெள்ளை கான்ஃபிளவர்), மஞ்சள் கடுகுத்தூள், வெங்காயத்தாள், இஞ்சி, பூண்டு தேவை.

எள் எண்ணெயில்தான் தமிழ் வீடுகளில் வழக்கமாகத் தவறு நடக்கும். சீனச் சமையலுக்கு வேண்டியது வறுத்த எள்ளில் ஆட்டிய பழுப்பு எண்ணெய். அதைச் சொட்டுக் கணக்கில் வாசனைக்காகச் சேர்ப்பார்கள். நம் நல்லெண்ணெய் வறுக்காத எள்ளில் ஆட்டியது, வாசனை முற்றிலும் வேறு. வறுத்த எண்ணெய் கிடைக்காவிட்டால் நல்லெண்ணெய் ஊற்றாமல், இரண்டு தேக்கரண்டி வெள்ளை எள்ளைச் சிவக்க வறுத்து நுணுக்கிப் போடுங்கள். அதுவே நெருங்கி வரும்.

ஐந்து மசாலாத் தூளை வீட்டிலேயே அரைக்கலாம்: அன்னாசிப்பூ 2, கிராம்பு 4, ஒரு அங்குலப் பட்டை, சோம்பு 1 தேக்கரண்டி, சிச்சுவான் மிளகு 1 தேக்கரண்டி. வெறும் சட்டியில் வாசம் வரும்வரை சூடாக்கி, ஆறவிட்டு அரைக்க வேண்டும். சிச்சுவான் மிளகு இல்லையென்றால் நம் மிளகு அரைத் தேக்கரண்டி. நாக்கு மரத்துப்போகும் அந்தக் குணம் மட்டும் வராது.

சார் சியூ: முதலில் இதுதான்

பன்றிக் கறியை இனிப்பும் உப்புமாக ஊறவைத்துச் சுடுவது சார் சியூ. இதை ஒருமுறை செய்து வைத்தால் இரண்டு பண்டங்களுக்கு ஆகும். எனவே ஆரம்பம் இங்கேதான்.

எலும்பில்லாத தோள்பட்டைக் கறி 1 கிலோ எடுத்து, 4 சென்டிமீட்டர் தடிமனுள்ள நீள்பட்டைகளாக வெட்டுங்கள். கொழுப்பு ஓடும் கறியாக இருக்கட்டும். வெறும் சதை சுட்டால் நார் நாராகக் காய்ந்துபோகும். ஹாய்சின் 3 மேசைக்கரண்டி, சோயா 3, சர்க்கரை 3, ஷாவ்சிங் அரிசி மது 2 (விருப்பமில்லையென்றால் விட்டுவிடலாம்), ஐந்து மசாலா அரைத் தேக்கரண்டி, தட்டிய பூண்டு 4 பல், இஞ்சி விழுது 1 தேக்கரண்டி. இவற்றைக் கலந்து கறியில் பிசிறி, மூடி, இரவு முழுவதும் குளிர்பெட்டியில் வையுங்கள். நான்கு மணி நேரத்துக்குக் குறைந்தால் சுவை மேல்தோலோடு நின்றுவிடும்.

கடையில் கிடைப்பதன் சிவப்பு பெரும்பாலும் சாயம். வீட்டில் தேவையில்லை. நிறம் வேண்டுமென்றால் புளிக்கவைத்த சிவப்பு டோஃபு ஒரு கட்டியை மசித்துச் சேர்க்கலாம், சுவையும் கூடும்.

ஓவனை 190 டிகிரிக்குச் சூடாக்குங்கள். தட்டில் அரை அங்குலம் தண்ணீர் ஊற்றி, அதன்மேல் கம்பி வலை வைத்து, வலையில் கறியை அடுக்குங்கள். தண்ணீர் இல்லாவிட்டால் சொட்டுகிற சர்க்கரை தட்டில் கருகி வீடெல்லாம் புகையாகும். 25 நிமிடத்தில் திருப்பிப் போட்டு இன்னொரு 20 நிமிடம். பிறகு தேன் 2 மேசைக்கரண்டியில் வெந்நீர் 1 மேசைக்கரண்டி கலந்து இருபுறமும் தடவி, 220 டிகிரியில் 5 முதல் 8 நிமிடம். ஓரங்கள் அங்கங்கே கறுத்துக் கொப்புளித்தால் சரியான பதம். தேனை முதலிலேயே தடவக் கூடாது. கறி வேகும் முன் தேன் கருகிவிடும். ஊறவைத்த சாறு மிச்சமிருந்தால் அதைப் பச்சையாகத் தடவாதீர்கள். பச்சைக் கறி பட்ட சாறு, கொதிக்கவைத்த பிறகே பயன்படும்.

ஓவன் இல்லாதவர்கள் அடிகனமான சட்டியில் கறியையும் சாற்றையும் 200 மில்லி தண்ணீரோடு மூடி, சிறு தீயில் 40 நிமிடம் வேகவிட்டு, மூடியைத் திறந்து தேன் ஊற்றிச் சுருளக் கிளறலாம். கருகிய வாசனை குறையும், மற்றபடி நன்றாகவே வரும். பன்றிக்கறி வேண்டாதவர்களுக்குக் கோழித் தொடை: 200 டிகிரியில் சுமார் 25 நிமிடம், உள்ளே 74 டிகிரி வரவேண்டும். கோழி நெஞ்சுக்கறி இதற்கு உதவாது.

இப்போது அன்னாசி. பச்சை அன்னாசியில், அதாவது சூடு படாத பழத்தில், புரோமெலைன் என்ற நொதி இருக்கிறது. புரதத்தை அறுப்பதுதான் அதன் வேலை. அன்னாசி அதிகம் தின்றால் நாக்கு எரிவதில் அதற்கும் பங்கு உண்டு. ஊறவைக்கும் சாற்றில் பச்சை அன்னாசியை அரைத்து ஊற்றி இரவு முழுவதும் வைத்தால், காலையில் கறியின் மேல்புறம் கூழாகிக் கையோடு வரும். சுட்டாலும் இறுகாது. டப்பா அன்னாசியில் இந்தத் தொல்லை இல்லை, ஏனென்றால் டப்பாவில் அடைக்கும்போதே சூடாக்கி நொதியைச் செயலிழக்கச் செய்துவிடுகிறார்கள். பச்சைச் சாறுதான் வேண்டுமென்றால் கொதிக்கவைத்து ஆறவிட்டுச் சேர்க்க வேண்டும்.

சார் சியூவையும் அன்னாசியையும் குச்சியில் கோத்து வைக்கிறவர்களுக்கும் இதே எச்சரிக்கை. இரண்டையும் முக்கால் அங்குலத் துண்டுகளாக வெட்டி, அன்னாசியை மட்டும் காய்ந்த தோசைக்கல்லில் எண்ணெய் விடாமல் கோடு விழச் சுட்டு, பரிமாறுகிற நேரத்தில் கோத்துக் கொடுங்கள். கல்லில் சுட்டது மேல்புறம்தான், நடுவில் நொதி உயிரோடு இருக்கும். மாலை விருந்துக்குக் காலையிலேயே கோத்துவைத்தால் கறி மாவாகிவிடும்.

கவ்ஜி: பொரித்த பொட்டலம்

சீனாவில் 'கவ் ஜி' என்பது வேகவைத்தோ கல்லில் வாட்டியோ தின்னும் கொழுக்கட்டை. ஹவாயில் அதே பெயரில் கிடைப்பது வோன்டான் தாள் என்னும் மெல்லிய மாவுத் தாளில் மடித்து மொறுமொறுவென்று பொரித்தது. தொட்டுக்கொள்ளக் கடுகும் சோயாவும்.

வோன்டான் தாள் பெரிய கடைகளில் உறைபதமாகக் கிடைக்கும். கிடைக்காவிட்டால் மைதா 200 கிராம், முட்டை 1, உப்பு அரைத் தேக்கரண்டி, தண்ணீர் சுமார் 50 மில்லி. சப்பாத்தி மாவைவிட இறுக்கமாகப் பிசைந்து, ஈரத்துணி போட்டு அரை மணி நேரம் ஊறவிடுங்கள். அந்த ஓய்வு இல்லாமல் திரட்டினால் மாவு ரப்பர்போல் பின்னால் இழுத்துக்கொள்ளும். சோள மாவு தூவி, பின்னால் விரல் நிழல் தெரிகிற அளவுக்கு மெல்லிசாகத் திரட்டி, 9 சென்டிமீட்டர் சதுரமாக வெட்டினால் சுமார் 30 தாள் வரும்.

பூரணத்துக்குக் கொத்திய பன்றிக்கறி 200 கிராம், பொடியாக நறுக்கிய இறால் 100 கிராம், வெங்காயத்தாள் 2, ஆய்ஸ்டர் சாஸ் 1 மேசைக்கரண்டி, சோயா 2 தேக்கரண்டி, வறுத்த எள் எண்ணெய் 1 தேக்கரண்டி, சோள மாவு 2 தேக்கரண்டி, வெள்ளை மிளகுத்தூள் கால் தேக்கரண்டி. கடிபட ஏதாவது வேண்டும்: நீர்க்கஷ்கொட்டை ஐந்தாறு போடுவது வழக்கம், கிடைக்காத ஊரில் சீமைக் கத்தரிக்காய் எனப்படும் சௌசௌவைப் பொடியாக நறுக்கி, உப்புப் பிசிறி, நீரைப் பிழிந்து போடலாம். எல்லாவற்றையும் ஒரே திசையில் இரண்டு நிமிடம் விடாமல் கிளறுங்கள். உதிரியாக இருந்த கறி கரண்டியில் ஒட்டிக்கொண்டு வரத் தொடங்கும். அப்போதுதான் வெந்தபின் உதிராமல் ஒரே துண்டாக நிற்கும்.

தாளின் ஒரு பாதியில் ஒரு தேக்கரண்டி பூரணம், அதற்கு மேல் வேண்டாம். விளிம்பில் தண்ணீர் தடவி, மறுபாதியை மடக்கி, நீள்சதுரமாக ஒட்ட வேண்டும். ஒட்டுவதில்தான் சூட்சுமம். முதலில் பூரணத்தைச் சுற்றி விரலால் அழுத்தி உள்ளிருக்கும் காற்றை விளிம்பு நோக்கித் தள்ளிவிட்டு, கடைசியாக விளிம்பை அழுத்துங்கள். காற்று உள்ளே மாட்டினால் எண்ணெயில் போட்டதும் பந்தாக உப்பி, ஒரு பக்கமே மேலே நின்று, திருப்பினாலும் புரண்டு பழையபடி வரும். கடைசியில் ஒட்டு விட்டுப் பூரணத்தின் நீர் எண்ணெயில் தெறிக்கும். கைச்சூடு பட்டது இதில்தான் என்று பலர் சொல்வார்கள். மடித்தவற்றை ஈரத்துணியால் மூடி வையுங்கள், தாள் காய்ந்தால் விளிம்பு வெடிக்கும்.

எண்ணெய் 175 டிகிரி. வெப்பமானி இல்லையென்றால் தாளின் ஒரு கிள்ளு போட்டுப் பாருங்கள்: அடியில் போய் இரண்டு நொடியில் மேலே வந்து நுரைக்க வேண்டும். உடனே சிவந்தால் சூடு அதிகம். அப்போது தாள் நிறம் மாறிவிடும், உள்ளே இறால் பச்சையாக இருக்கும். ஒரு தடவைக்கு ஐந்தாறு போட்டு மூன்றரை நிமிடம் பொரியுங்கள். முதலில் சடசடவென்று கேட்கும் சத்தம் போகப் போக மெலியும். பூரணத்தின் நீர் குறைந்துவருகிறது என்று அர்த்தம், எடுக்க நேரம் வந்துவிட்டது. சந்தேகமிருந்தால் ஒன்றை வெட்டிப் பாருங்கள்.

தொட்டுக்கொள்ளும் கடுகுச் சாஸ் பலருக்குக் காரமே இல்லாமல் போகும். வெந்நீர் ஊற்றியிருப்பார்கள். கடுகின் காரம் அதில் தயாராக இருப்பதில்லை. பொடியில் தண்ணீர் பட்டதும் ஒரு நொதி வேலை செய்துதான் காரம் பிறக்கிறது, சூடு பட்டால் நொதி செத்துவிடும். எண்ணெயில் வெடித்த தாளிப்புக் கடுகு மூக்கில் ஏறாததும் இதனால்தான். கடுகுத்தூள் 1 மேசைக்கரண்டியில் குளிர்ந்த தண்ணீர் 1 மேசைக்கரண்டி குழைத்து, 10 நிமிடம் தொடாமல் வைத்து, அப்புறம் சோயா 3 மேசைக்கரண்டி சேருங்கள். சோயாவை முதலிலேயே ஊற்றினால் காரம் சரியாக எழாது. நம் கருங்கடுகை அரைத்தால் காரம் வரும், கசப்பும் கூடவே வரும். பாதிக்குப் பாதி போதும்.

மனபுவா: தீவுக்குப் போய்ப் பெருத்த பாவ்

பாவ் என்பது பூரணம் வைத்து ஆவியில் வேகவைக்கும் சீன பன். கான்டனீஸ் சார் சியூ பாவ் ஹவாயில் மனபுவா ஆனது. 'மெயா ஓனோ புவாஅ' என்ற ஹவாய்ச் சொற்களின் சுருக்கம் என்பார்கள்: மெயா ஓனோ என்றால் ருசியான பண்டம், புவாஅ என்றால் பன்றி. தோளில் காவடி போட்டு, இருபுறமும் தகர டப்பாவில் சுமந்து தெருத்தெருவாக விற்ற சீன வியாபாரிக்கு 'மனபுவா மேன்' என்றே பெயர். ஹாங்காங் பாவைவிட இது பெரியது, ஒன்றே ஒருவேளைச் சாப்பாடு. பூப்பூ தட்டுக்கு அந்த அளவு ஆகாது என்பதால் இங்கே பாதியாகக் குறைத்திருக்கிறோம்.

மைதா 300 கிராம், சர்க்கரை 40 கிராம், இன்ஸ்டன்ட் ஈஸ்ட் 1 தேக்கரண்டி, பேக்கிங் பவுடர் 1 தேக்கரண்டி, உப்பு கால் தேக்கரண்டி, எண்ணெய் 1 மேசைக்கரண்டி, வெதுவெதுப்பான தண்ணீர் 155 மில்லி. பேக்கிங் பவுடரை மைதாவோடு சேர்த்துச் சலியுங்கள், கட்டி நின்றால் வெந்த பாவில் மஞ்சள் புள்ளியாகத் தெரியும். எட்டு நிமிடம் பிசைந்து, இரண்டு மடங்காக உப்பும்வரை மூடி வையுங்கள். சென்னை வெயிலில் 40 நிமிடமே போதும். மணியைப் பார்க்காமல் மாவைப் பாருங்கள்.

பூரணத்துக்குச் சார் சியூ 200 கிராமை அரை சென்டிமீட்டர் துண்டுகளாக நறுக்குங்கள். தண்ணீர் 100 மில்லி, ஆய்ஸ்டர் சாஸ் 1 மேசைக்கரண்டி, சோயா 2 தேக்கரண்டி, சர்க்கரை 1 மேசைக்கரண்டி, சோள மாவு ஒன்றரை மேசைக்கரண்டி கலந்து அடுப்பில் கிளறினால் பசையாகும். கறியைப் போட்டுப் புரட்டி, குளிர்பெட்டியில் நன்றாக இறுகவிடுங்கள். சூடான பூரணத்தை வைத்தால் மாவு கசிந்து அடி கிழியும்.

மாவை 12 உருண்டையாக்கி, ஒவ்வொன்றையும் நடு தடிமனாகவும் ஓரம் மெல்லியதாகவும் திரட்டி, ஒரு மேசைக்கரண்டி பூரணம் வைத்து, மோதகம் பிடிக்கிற மாதிரி சுருக்கி முறுக்கி மூடுங்கள். எண்ணெய் தடவிய காகிதத் துண்டில் மூடிய பக்கம் கீழாக வைத்து 20 நிமிடம் விடுங்கள். விரலால் தொட்டால் பள்ளம் மெதுவாக மேலே வர வேண்டும். வராமல் அப்படியே நின்றால் அதிகம் புளித்துவிட்டது என்று பொருள், வெந்தபின் சுருங்கும்.

இட்லிப் பானை தாராளமாகப் போதும். ஆனால் குழித் தட்டு வேண்டாம், துளையுள்ள தட்டையான தட்டைப் போடுங்கள். இடையில் இரண்டு விரல் இடம். மூடியைத் துணியால் கட்டுங்கள், இல்லாவிட்டால் மூடியில் கோக்கும் நீர் சொட்டி மேல்தோல் கொழகொழவென்று ஆகும். தண்ணீர் கொதித்தபின் வைத்து, நடுத்தரத் தீயில் 12 நிமிடம். அடுப்பை அணைத்ததும் மூடியைப் படக்கென்று தூக்காதீர்கள். ஓரத்தில் கொஞ்சம் விலக்கி மூன்று நிமிடம் விட்டுத் திறக்க வேண்டும். உள்ளே ஆவியால் விம்மி நிற்கும் பாவில் குளிர்க்காற்று திடீரென்று பட்டால், கண்ணெதிரே சுருங்கிக் கிழவியின் முகமாகிவிடும்.

போக்கேயும் லீ ஹிங் முய்யும்

எண்ணெயும் ஆவியும் வந்துவிட்டன. தட்டில் குளிர்ந்தது ஒன்றும் புளிப்பு ஒன்றும் வேண்டும். போக்கே என்பது பச்சை மீனைத் துண்டு போட்டு உப்பு, லிமு என்னும் கடற்பாசி, வறுத்த குக்குயிக் கொட்டை ஆகியவற்றோடு பிசறும் ஹவாய்ப் பண்டம். சோயாவும் எள் எண்ணெயும் ஆசியர்கள் வந்தபின் சேர்ந்தவை. பொரித்த வோன்டான் தாளின்மேல் வைத்தால் பூப்பூ.

சூரை மீன் 250 கிராம், முக்கால் அங்குலத் துண்டுகள், சோயா ஒன்றரை மேசைக்கரண்டி, வறுத்த எள் எண்ணெய் 1 தேக்கரண்டி, மெல்லிய வெங்காயம் கால் பங்கு, வெங்காயத்தாள், வறுத்து நுணுக்கிய முந்திரி 1 மேசைக்கரண்டி. பரிமாறப் பத்து நிமிடத்துக்கு முன்புதான் பிசற வேண்டும், நேரமானால் உப்பு நீரை இழுத்து மீன் விறைத்துப்போகும். பச்சையாகத் தின்பதற்கென்றே விற்கிற மீன் கிடைக்காவிட்டால் இதைச் செய்யாதீர்கள். பச்சை மீனின் ஒட்டுண்ணிக்கு மைனஸ் 20 டிகிரியில் ஏழு நாள் உறையவைப்பது பொதுவிதி, வீட்டுக் குளிர்பெட்டி பலவும் அவ்வளவு குளிராது. கெட்டுப்போன சூரையில் உண்டாகும் ஹிஸ்டமின் உறையவைத்தாலும் சமைத்தாலும் போகாது. வேகவைத்த இறாலோ டோஃபுவோ போட்டுச் செய்தால் அச்சமில்லை.

தாளை முக்கோணமாக வெட்டி 170 டிகிரியில் பொரிக்கும்போது வெளிர்மஞ்சளிலேயே எடுங்கள். வெளியே வந்தபின்னும் சிவந்துகொண்டே இருக்கும்.

லீ ஹிங் முய், சீனாவிலிருந்து வந்த உப்பு ஊறிய காய்ந்த பிளம். அதிமதுர வாசம், உப்பு, புளிப்பு, இனிப்பு எல்லாம் ஒரே வாயில். அதன் பொடியை அன்னாசி, மாங்காய், ஆப்பிள் என்று எதன்மேலும் ஹவாய்க்காரர்கள் தூவுவார்கள். மாங்காய்க்கு உப்பும் மிளகாய்ப்பொடியும் தொடுகிற நமக்கு விளக்கவே வேண்டாம். ஒரு அன்னாசிக்கு 2 தேக்கரண்டி, பரிமாறும்போது மட்டும் தூவுங்கள். முன்கூட்டியே தூவினால் நீர் விட்டுச் சிவப்புக் குளமாகும்.

ஆறேழு பேருக்கு இத்தனையும் செய்வதானால் முந்தின இரவே கறியை ஊறவையுங்கள். காலையில் சார் சியூவைச் சுட்டு, பாவ் பூரணத்தை இறுகவிட்டு, கவ்ஜி மடித்து உறைபெட்டியில் தட்டோடு வைத்துவிடலாம். உறைந்ததை அப்படியே எண்ணெயில் போடலாம், ஒரு நிமிடம் கூடுதலாக வேகும். இளகவிட்டால் தாள் நசநசத்துத் தட்டோடு ஒட்டும். விருந்தினர் வர இரண்டு மணி நேரம் இருக்கும்போது பாவ் மாவு பிசையுங்கள். பொரிப்பது கடைசி வேலை, எல்லோரும் வந்து உட்கார்ந்த பிறகு. மிஞ்சும் சார் சியூ மூன்று நாள் குளிர்பெட்டியில் தாங்கும். மறுநாள் காலை முட்டையோடு சோற்றில் போட்டு வறுத்துவிடுங்கள்.